ரேடியோவுக்கு விழுந்த ஒன்பது ஓட்டு

சோவியத் யூனியன் உடைந்ததற்கு நான் காரணமில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எங்கள் வீட்டில் அப்படி நம்புகிறவர்கள் இரண்டு பேர் இருக்கிறார்கள். ஒருவர் அம்மா. இன்னொருவர், அம்மா சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று இருக்கும் அப்பா. உண்மையில் என் குற்றம் சிறியது. வலங்கைமானுக்குப் பக்கத்தில் எங்கள் ஊர் விவசாயத் தொழிலாளர் சங்கக் கிளையைத்தான் நான் கவிழ்த்தேன்.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. கும்பகோணத்தில் பி.எஸ்ஸி. முடித்துவிட்டு வீட்டில் இருந்தேன். 'இருந்தேன்' என்பது மரியாதைக்குச் சொல்வது. ஓர் இடத்தில் கால் தரிக்காது. காலையில் வாய்க்கால் மதகு வரை நடப்பேன், திரும்பி வருவேன், மறுபடியும் மதகு வரை நடப்பேன். (எங்கள் பரம்பரையில் கையில் மண்வெட்டி இல்லாமல் மதகுக்குப் போன முதல் ஆள் நான்தான். இதற்குத்தான் படிக்க வைத்தார்களா என்று தெருவில் கேட்டுக்கொண்டார்கள்.) என் வயதுக்காரர்கள் ஒவ்வொருவராக துபாய், சிங்கப்பூர் என்று கிளம்பிக்கொண்டிருந்தார்கள். பேப்பர் படிக்கப் போகும்போதெல்லாம் மளிகைக்கடை பாய், "தம்பி, என் மச்சான் சார்ஜாவுல இருக்காரு. ஒரு வார்த்தை சொல்லட்டுமா" என்பார். நான் சிரித்துக்கொள்வேன். நான் போக வேண்டிய நாடு வேறு.

மாஸ்கோவில் வேளாண் இயந்திரப் பொறியியல் படிக்க உதவித்தொகையோடு இடம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். விண்ணப்பத்துடன் உள்ளூர்ச் சங்கச் செயலாளர் கையெழுத்திட்ட பரிந்துரைக் கடிதம் ஒன்று வேண்டும். கைநாட்டு செல்லாது என்று அச்சிலேயே போட்டிருந்தது. எனக்கு அதில் கவலையே இல்லை. கிளைச் செயலாளர் என் அப்பாதான். இருபது வருடமாக அவர்தான். இரவுப் பள்ளியில் கற்ற அவருடைய கையெழுத்து கொஞ்சம் சாய்ந்தாலும் கம்பீரமாக நிற்கும்.

"அடுத்த மாசம் கிளை மாநாடு இருக்கு. அது முடிஞ்சதும் மினிட் புக்குல தீர்மானமா எழுதி, கையெழுத்தும் முறையாப் போட்டுத் தரேன்" என்றார் அப்பா.

அந்த ஒரு மாதம் நான் சும்மா இருந்திருக்கலாம்.

மாஸ்கோவிலிருந்து தமிழில் வழவழப்பான பத்திரிகை ஒன்று எங்கள் ஊருக்கு வரும். (பாதிப் பிள்ளைகளின் பாடப் புத்தகத்துக்கு அட்டை அதுதான்.) அதில் அப்போது பக்கத்துக்குப் பக்கம் பெரெஸ்த்ரோய்கா, கிளாஸ்நோஸ்த். அதாவது மறுசீரமைப்பு, வெளிப்படைத்தன்மை. நெற்றியில் பெரிய மச்சம் உள்ள தலைவர் ஒருவர் அங்கே எல்லாவற்றையும் திறந்துவிட்டுக்கொண்டிருந்தார். ஒரே ஆள் நின்று ஒரே ஆள் ஜெயிக்கும் தேர்தல் போய், இரண்டு மூன்று பேர் நின்றார்களாம். ரகசிய வாக்கெடுப்பாம். படிக்கப் படிக்க எனக்கு உடம்பு கொதித்தது. எங்கள் கிளையில் தேர்தல் என்றால் முன்மொழிகிறேன், வழிமொழிகிறேன், கைதட்டல், டீ. இதை நான் மாற்றிக் காட்டி, விண்ணப்பத்தில் 'சமூகப் பணி' என்ற இடத்தில் எழுதினால் மாஸ்கோவே எழுந்து நின்று என்னை வரவேற்கும் என்று நினைத்தேன்.

"தோழர், இந்தத் தடவை ரகசிய ஓட்டு வெச்சா என்ன?" என்று கேட்டேன். (வீட்டில் அப்பா, சங்க விஷயத்தில் தோழர். சாப்பாட்டு நேரத்தில் எது என்று இன்றுவரை எனக்குத் தெளிவில்லை.)

"யாரை எதுத்து?"

"உங்களைத்தான்."

அப்பா சோற்றைப் பிசைவதை நிறுத்தினார். "என்னை எதுத்து யாருடா நிப்பா?"

"யாரும் நிக்க மாட்டாங்க. அதான் பிரச்சனையே. மாஸ்கோவுலயே இப்ப ரெண்டு மூணு பேரு நிக்கிறாங்க."

மாஸ்கோ என்ற சொல்லுக்கு அப்பா கட்டுப்படுவார். "சரி, ஆளைப் புடி" என்றார்.

மூன்று நாள் தெருத்தெருவாக அலைந்தேன். "கோவிந்தராசு அண்ணனை எதுத்தா? அப்பறம் அவரு மூஞ்சியில எப்படி முழிக்கிறது?" என்று எல்லோரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். கடைசியில் கொல்லையில் பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்த அம்மாவிடம் போய் நின்றேன். அம்மாவும் சங்க உறுப்பினர். நடவுக்குப் பெண்களை அழைத்துப் போவது அவள்தான்.

"அம்மா, உன் பேரை எழுதிக்கவா? சும்மா ஒப்புக்கு."

"எழுதுனா நான் என்ன செய்யணும்?"

"ஒண்ணும் செய்ய வேணாம். தோத்தாப் போதும்."

"அது பழக்கந்தானே" என்று சட்டியைக் கவிழ்த்து வைத்தாள்.

அடுத்தது சின்னம். பெயரைப் படிக்கத் தெரியாதவர்கள்தான் அதிகம் என்பதால் ஓட்டுச் சீட்டில் படம் போட வேண்டும். அப்பா, சங்கக் கொடியில் இருக்கும் அரிவாளைக் கேட்டார். நான் மறுத்தேன். பதவியில் இருப்பவர்களின் சலுகைகளை ஒழிக்க வேண்டும் என்று அந்த வாரம்தான் படித்திருந்தேன். "கொடி சங்கத்துக்குச் சொந்தம், செயலாளருக்கு இல்ல" என்று சொல்லி, தினமும் செய்தி கேட்கிறவர் என்பதால் அவருக்கு ரேடியோவை ஒதுக்கினேன். அம்மாவுக்கு, நடவுக்குக் கட்டி வைக்கும் நாற்று முடியை வரைந்தேன்.

"ஏண்டா, என் பேருக்கு நேரா வெளக்கமாத்தை வரைஞ்சிருக்கியே, உனக்கே நல்லாருக்கா?" என்றாள் அம்மா.

திரும்ப வரைந்தேன். இன்னும் நல்ல விளக்குமாறாக வந்தது. கடைசியில் என் கைக்கு எது சுலபமாக வந்ததோ அதையே வரைந்தேன். அரிவாள். (இந்த இடத்தில் வாசகர்கள் என் கையைப் பிடிப்பது தெரிகிறது. அன்று பிடிக்க ஆளில்லை.)

மாநாடு சத்துணவுக் கூடத்தில் நடந்தது. அம்மாவின் புடவையைக் கட்டி ஒரு மறைவு, வனஸ்பதி டப்பாவில் ஓட்டை போட்டு ஓட்டுப்பெட்டி, பெருவிரலில் வைக்க மை. எல்லாம் என் ஏற்பாடு. வாக்கெடுப்புக்கு முன் வெளிப்படைத்தன்மை பற்றி முக்கால் மணி நேரம் பேசினேன். பத்திரிகையிலிருந்து தலைவர் படத்தைத் தூக்கிக் காட்டினேன்.

"மண்டையில என்ன தம்பி அது, மேப்பா?" என்று கேட்டார் முன்வரிசைப் பெரியவர்.

"மச்சங்க."

"அவ்வளவு பெருசாவா. அதிர்ஷ்டக்காரரு."

"அந்த நாட்டுல இப்ப தலைவரைப் பத்தி மனசுல பட்டதை யாரு வேணாலும் பயப்படாம சொல்லலாம்" என்று முடித்தேன்.

நடவுப் பெண்கள் பக்கத்திலிருந்து பாப்பாத்தி அக்கா எழுந்தார். "நெசமாவே சொல்லலாமா?"

"தாராளமா சொல்லுங்க."

"அப்ப சொல்றேன். நடவு அன்னிக்குக் கைப்புள்ளைக்குப் பால் குடுக்கக் கரையேறுனா பண்ணைக் காரியக்காரரு வையுறாரு. இதைக் கோரிக்கையில சேருங்கன்னு ஆறு வருசமா அண்ணன்கிட்ட சொல்றோம். சேத்தாரா?"

"அடுத்த தடவை..." என்று அப்பா ஆரம்பித்தார்.

"இதைத்தாண்ணே ஆறு வருசமா சொல்றீங்க."

யாரோ கைதட்டினார்கள். பிறகு கூடமே தட்டியது. (முதலில் தட்டியது நான்தான். கொள்கை அவ்வளவு முற்றியிருந்தது.)

ரேடியோவுக்கு ஒன்பது ஓட்டு விழுந்தது. மற்றதெல்லாம் அரிவாள்.

டீ வந்தது. யாரும் எடுக்கவில்லை. அப்பா எழுந்து, துண்டைச் சரிசெய்துகொண்டு, மினிட் புக்கை இரண்டு கையாலும் அம்மாவிடம் நீட்டினார். "வாழ்த்துகள் தோழர்" என்றார். இருபது வருடமாக அவர் அக்குளிலேயே இருந்த புத்தகம். அம்மா அதை வாங்கிக்கொண்டு, "ஏங்க, இதை எங்க வெக்கிறது?" என்று மெதுவாகக் கேட்டாள்.

"கூரை எறவாணத்துல செருகிடாத. பொட்டியில வையி."

அன்றைக்கு வீட்டில் ரேடியோ பாடவில்லை. அந்த வாரம் முழுக்க ஒவ்வொருவராக வாசலுக்கு வந்து, "அண்ணே, நான் ரேடியோவுக்குத்தான் குத்துனேன்" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார்கள். முப்பது பேருக்குக் குறையாது. அப்பா எல்லோருக்கும் தலையாட்டினார். என் பக்கம் மட்டும் திரும்பவில்லை. ஒரு நாள் பொறுக்க முடியாமல், "அருவாச் சின்னத்தைக் குடுத்தா கழுதை நின்னாலும் ஜெயிக்கும்" என்றார்.

"கழுதைன்னு யாரைச் சொல்றீங்க?" என்று அடுப்படியிலிருந்து குரல் வந்தது.

அப்போதுதான் எனக்கு என் கடிதம் ஞாபகம் வந்தது. இப்போது கையெழுத்துப் போட வேண்டியவர் அம்மா. அம்மாவுக்குத் தெரிந்தது கைநாட்டு. கைநாட்டு செல்லாது.

"அதுக்கென்ன, கத்துக் குடு. போட்டுட்டாப் போச்சு" என்றாள்.

அஞ்சலை. நான்கே எழுத்து. பலகையும் குச்சியுமாக உட்கார்ந்தேன். 'அ' மட்டும் ஆடியிலிருந்து தீபாவளி வரை ஆனது. நடவு, களையெடுப்பு, சங்கக் கூட்டம் என்று தினமும் ஒரு தடங்கல். 'ஞ்' பார்த்தாலே தலை சுற்றுகிறது என்றாள். கடைசி எழுத்தை நான் புதிய முறையில் எழுதச் சொன்னேன். அப்பா தான் படித்த பழைய முறையில் யானைத் தும்பிக்கை வைத்து எழுதச் சொன்னார். "மொதல்ல நீங்க ரெண்டு பேரும் ஒரு முடிவுக்கு வாங்க. அப்பறம் எழுதுறேன்" என்று எழுந்து போய்விட்டாள். விண்ணப்பத் தேதி முடிந்தது. "அடுத்த வருசம் போயேன். ரஸ்யா எங்க ஓடிப்போவுது" என்றாள்.

நான் மதகுக்கும் வீட்டுக்கும் நடந்து தேய்ந்தேன். அதற்குள் அம்மா காரியக்காரரிடம் நேராகவே போய்ப் பேசி, பால் கொடுக்கிற பெண்களுக்குக் கரையேற அனுமதி வாங்கிவிட்டாள். அப்பா அந்தப் பேச்சுவார்த்தைக்குக் கூடப் போனார், குடை பிடித்துக்கொண்டு. மாலையில் ரேடியோ மறுபடி பாட ஆரம்பித்தது. அதில் அந்த நாட்டின் ஓரங்கள் ஒவ்வொன்றாகக் கழன்றுகொண்டிருந்தன. நான் காதைப் பொத்திக்கொண்டு 'ஞ்' சொல்லிக்கொடுத்தேன்.

அடுத்த வருட மார்கழியில் ஒரு நாள், அந்த நாடே இனி இல்லை என்று செய்தி சொன்னார்கள். அப்பா ரேடியோவை நிறுத்தினார். என் விண்ணப்பப் படிவம் அலமாரியில், மடிப்பில் கிழிய ஆரம்பித்திருந்தது.

மறுநாள் அம்மா மினிட் புக்கை எடுத்து வந்து என் முன்னால் விரித்தாள். கடைசிப் பக்கத்தில் அஞ்சலை என்று ஒரு கையெழுத்து. கோடு பிசகாமல், தும்பிக்கை உட்பட.

"எப்பம்மா கத்துக்கிட்ட?"

"அது ஆச்சு ரொம்ப நாளு" என்றாள். என் முகத்தைப் பார்க்காமல் புத்தகத்தை மூடினாள். "ஒத்தப் புள்ளைய அந்தப் பனியில அனுப்பிட்டு நான் எங்கன்னு வந்து தேடுவேன்?"

ஆறு மாதம் கழித்து, பாயின் மச்சான் வழியாக எனக்கு சார்ஜாவில் ஒரு ஸ்டோரில் கணக்கெழுதும் வேலை கிடைத்தது. விசா வந்த அன்று அம்மா கடைக்கே நடந்து போய், "பாய், அந்த நாடு இருக்குல்ல?" என்று கேட்டாளாம். "இருக்கும்மா, காலையிலதான் மச்சான் போன் பண்ணுனாரு" என்று பாய் உறுதி சொன்ன பிறகுதான் எனக்கு ஊறுகாய் போட உப்பு வாங்கினாள்.

பதினோரு வருடம் அங்கே இருந்துவிட்டு வந்தேன். இப்போது திருவாரூரில் இருக்கிறோம். அப்பாவும் அம்மாவும் ஒத்துப்போகாத விஷயம் இன்றைக்கும் ஒன்றே ஒன்றுதான்: அன்று விழுந்தது அரிவாளுக்கா, அஞ்சலைக்கா. போன மாதம் என் மகளுக்கு ஜெர்மனியில் வேலை கிடைத்தது. ஆசீர்வாதம் வாங்க விழுந்து எழுந்தவளிடம் அம்மா திருநீறு பூசிவிட்டுச் சொன்னாள்:

"அந்த நாடு இருக்கான்னு நல்லா விசாரிச்சுக்க. உங்கப்பன்கிட்ட கேக்காத. பாய் கடையில கேளு."