ஊக்கு அத்தையின் கல்யாணச் சட்டம்

எங்கள் தீவில், வரதோலி என்கிற எங்கள் ஊரில், ஒரு பெண்ணுக்குக் கல்யாணம் நடக்க மாப்பிள்ளை சம்மதித்தால் போதாது, பூசாரி சம்மதித்தாலும் போதாது. ஊக்கு அத்தை சம்மதிக்க வேண்டும். பிள்ளை வீட்டார் வேண்டாம் என்று முறுக்கிக்கொண்டு போன கல்யாணங்கள்கூட பிறகு கூடி வந்திருக்கின்றன. அத்தை வரமாட்டேன் என்று சொன்ன கல்யாணம் நடந்ததாகச் சரித்திரமே கிடையாது.

அவருக்குப் பெற்றவர்கள் வைத்த பெயர் எனக்குத் தெரியாது. பக்கத்தில் பா என்கிற டவுனில் தையல் கடை வைத்திருந்தார். ரவிக்கைத் தோளில் எந்நேரமும் ஒரு வரிசை ஊக்கு குத்தியிருக்கும், யுத்தத்தில் மெடல் வாங்கிய சிப்பாய் மாதிரி. ஊரில் கல்யாணப் பெண்ணுக்குச் சேலை கட்டிவிடுவது அவர்தான். அந்த நேரத்தில் பெண்ணோடு அறைக்குள் யார் யார் இருக்கலாம் என்று தீர்மானிப்பதும் அவர்தான். பெற்ற தாய்க்கே சலுகை இல்லை.

சட்டம் சுலபமானது. உள்ளே வர ஆசைப்படுகிறவள் அத்தையிடம் ஓர் ஊக்கை வாங்கி உதட்டில் கவ்விக்கொள்ள வேண்டும். பேச வாயைத் திறந்தால் ஊக்கு விழும், ஆளும் வெளியே போக வேண்டும்.

இதற்கெல்லாம் காரணம் ரக்கிரக்கி ஊரில் நடந்த ஒரு கல்யாணம். சேலை கட்டும்போது கூட இருந்த பெண்டுகள் வாய் சும்மா இருக்காமல், மாப்பிள்ளை தலைப்பாகையைக் கழற்றினால் உள்ளே ஒரு முடியும் இருக்காது என்று பேசிக்கொண்டார்கள். பெண் கட்டிலுக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டாள். அவளை வெளியே இழுப்பதற்குள் முகூர்த்தம் போய்விட்டது.

"அவளுங்க வாயில ஆளுக்கொரு ஊக்கு இருந்திருந்தா, அந்தப் பொண்ணு கழுத்துல நேரத்துக்குத் தாலி ஏறியிருக்கும்" என்பார் அத்தை.

தும்மினால் என்ன செய்வது என்று ஒருத்தி கேட்டாள். "தும்மல் பேச்சில்ல. தும்மிட்டு அம்மான்னு சொன்னா அது பேச்சு." தமிழில் பேசினால்தானே குற்றம் என்று ஒரு டீச்சர் இந்தியில் ஆரம்பித்தாள். "எந்த பாஷையில துப்புனாலும் எச்சி எச்சிதான், கிளம்பு." அடுத்த தீவிலிருக்கும் லம்பாசாவிலிருந்து கப்பலில் வாந்தி எடுத்துக்கொண்டே வந்து சேர்ந்த ஒரு சித்தி, "மடிப்பு கோணல்" என்று இரண்டே வார்த்தை சொல்லி மாட்டிக்கொண்டாள். மடிப்பு உண்மையிலேயே கோணல்தான். அத்தை அதைச் சரிசெய்துகொண்டே அவளை வெளியே அனுப்பினார்.

என் கல்யாணத்தில்தான் பெரிய சிக்கல். என் அக்கா சரோஜா, ரக்கிரக்கி பஸ் ஓட்டுகிறவரை வீட்டில் சொல்லாமல் கட்டிக்கொண்டு போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. கட்டிக்கொண்டு வாசலில் வந்து நின்ற அன்று அவளும் அப்பாவும் போட்ட சண்டை கரும்புக்காட்டுக்கு அந்தப் பக்கம்வரை கேட்டது. அக்கா வராமல் நான் சேலை கட்டமாட்டேன் என்று ஒற்றைக்காலில் நின்றேன். கடைசியில் அப்பா இறங்கி வந்தது இவ்வளவுதான்:

"வரட்டும், சாப்புடட்டும். அவ குரல் மட்டும் என் காதுல விழுந்துச்சுன்னா, நான் தாரை வார்க்க மாட்டேன்."

சொன்னால் செய்கிற மனுஷர். எங்கள் வீடோ தகரச் சுவர் வீடு. உள்ளே இருமினால் வெளியிலிருந்து கஷாயம் சொல்வார்கள். கல்யாணத்தன்று அந்தச் சுவரை ஒட்டித்தான் அப்பா நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

அம்மா அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டாள். "பெரியவள உள்ள விடாதீங்க அண்ணி. அவளுக்கு வாய் துடுக்கு. ஒரு வார்த்த வெளிய வந்தா கல்யாணமே நின்னுரும்."

அத்தை அக்காவை மேலும் கீழும் பார்த்தார். தோளிலிருந்து மூன்று ஊக்குகளைக் கழற்றினார்.

"உன் வாய்க்கு ஒண்ணு பத்தாது. இந்தா."

அக்கா மூன்றையும் கவ்விக்கொண்டு உள்ளே வந்தாள். மாப்பிள்ளையின் தங்கை, "இவங்கதான் ஓடிப்போன அக்காவா?" என்று கேட்டு முதலில் வெளியேறினாள். "மெதுவா சீவுடி" என்று சொல்லி அம்மாவும் பின்னாலேயே போனாள். அறையில் மிச்சம் நாங்கள் மூன்று பேர்தான்.

அக்கா எனக்குத் தலை பின்னினாள். பாதிப் பின்னலில் அவள் கை நின்றுவிட்டது. கண்ணாடியில் பார்த்தேன். கண்ணீர் கன்னத்தில் வழிந்து ஊக்கில் சொட்டிக்கொண்டிருந்தது. இரண்டு வருஷப் பேச்சு இரண்டு பேர் தொண்டையிலும் நிற்கிறது, சுவருக்கு அந்தப் பக்கம் அப்பா.

அத்தை சேலையைக் கட்டிலில் போட்டார். அக்காவின் மோவாய்க்குக் கீழே உள்ளங்கையை நீட்டினார்.

"துப்பு."

அக்கா பயந்துபோய் சுவரைக் காட்டினாள். அத்தை ஊக்குகளைத் தானே பிடுங்கிக்கொண்டு வெளியே போய்க் கதவைச் சாத்தினார். அடுத்த நிமிஷம் அப்பாவின் நாற்காலிப் பக்கமிருந்து அத்தையின் கூச்சல் கிளம்பியது. பந்தல் மூங்கில் கோணல் என்றார். வாழைமரம் கட்டியவனுக்குக் கண் பொட்டை என்றார். மரக்கிண்ணத்தில் யங்கோனா வேர்ச்சாறு குடித்துக்கொண்டிருந்த ஆண்களின் பரம்பரையையே இழுத்தார்.

"என்னக்கா, ஏன் இப்படிக் கத்தறீங்க?" என்றார் அப்பா.

"இத்தன வருஷமா கல்யாண வீட்டுல வாயக் கட்டி வச்சிருந்தேன் தம்பி. இன்னைக்கு அவுத்துட்டேன்."

உள்ளே அக்கா, "நல்லாருக்கியாடி?" என்றாள். அவ்வளவுதான், இரண்டு பேரும் கட்டிக்கொண்டு அழுதோம், பேசினோம். அவளுக்கு அப்போது மூன்று மாதம். அம்மாவுக்குக்கூடச் சொல்லவில்லையாம். அதைக் கேட்டு நான் ஏதோ சொல்ல, அக்கா சத்தமாகச் சிரித்துவிட்டாள். சரியாக அந்த நேரம் பார்த்து அத்தை மூச்சு வாங்க நிறுத்தியிருந்தார்.

அக்காவின் சிரிப்பு தகரத்தில் பட்டு வாசல்வரை போனது. அவள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்புறம் அப்பாவின் குரல் வந்தது.

"ஏன்க்கா நிறுத்திட்டீங்க? இன்னும் கொஞ்ச நேரம் திட்டுங்க."

அத்தை திட்டினார். அக்காவின் பேச்சு தீர்கிறவரைக்கும், முகூர்த்தத்துக்குக் கூப்பிடுகிறவரைக்கும், இருப்பவனையும் இல்லாதவனையும் சேர்த்துத் திட்டினார். அப்பா தாரை வார்த்தார். அத்தைக்கு அதன் பிறகு மூன்று நாள் குரலே எழும்பவில்லை, கடையில் ஜாடை காட்டித்தான் அளவெடுத்தாராம். அவர் போய் எத்தனையோ வருஷமாகிவிட்டது. எந்தக் கல்யாண வீட்டுக்குப் போனாலும், யாராவது அப்படி வாய் வலிக்கத் திட்டமாட்டார்களா என்று எனக்கு ஏக்கமாக இருக்கிறது.