கண்ணீரில் கல்முனை

பெருமதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

உங்களுக்கும் அச்சகத்தில் உழைப்போருக்கும் அல்லாஹ் நீடித்த சுகத்தைத் தரட்டும். கல்முனை பஸாரில் பலசரக்கு மொத்த வியாபாரம் செய்யும் ஸைனுலாப்தீன், நன்றி சொல்ல எழுதுகிறேன்.

வெளிநாட்டுத் தலைவர் ஒருவர் காலமான செவ்வாய்க்கிழமை, என் கடைவாசலில் காய்ந்த செத்தல் மிளகாய் மூடைகள் இறங்கிக்கொண்டிருந்தன. ஒரு மூடை வெடித்து, தூசு முழுக்க என் முகத்தில் அப்பியது. கண்ணைத் திறக்க முடியாமல் நான் தேம்பிக்கொண்டு நிற்க, அந்தத் தலைவருக்கு அனுதாபச் செய்தி தேடி அலைந்த உங்கள் நிருபர் ஓடிவந்தார். "காக்கா, என்னத்துக்கு இப்பிடி அழுறீங்க?" "செத்தல், தம்பி, செத்தல்! தாங்கேலாமக் கிடக்கு" என்றேன். படம் எடுத்துக்கொண்டு போனார்.

மறுநாள் முதற்பக்கத்தில் என் முகம். 'கண்ணீரில் கல்முனை: செத்தாரே எனக் கதறினார் வர்த்தகர்.' முந்தின நாள் அந்தத் தலைவரின் பெயரே தெரியாத பஸார், பத்து மணிக்குள் துக்கத்துக்கு வெள்ளைக்கொடி கட்டிவிட்டது. தேத்தண்ணிக் கடை இன்பாஸ் வந்து என் கையைப் பிடித்தான். "காக்கா, அந்தாள் எந்த நாடு?" "தெரியாதுடாப்பா." "எனக்கும் தெரியா. ஆனா பேப்பரப் பாத்ததுல இருந்து நெஞ்ச அடைக்குது."

நன்றி அதற்கல்ல. என் மகள் ஜெனூபாவுக்கு றிபாத் என்ற மாப்பிள்ளையைப் பேசியிருந்தோம். தங்கமான பொடியன், மகளுக்கும் விருப்பம். எங்கள் பக்கத்து வழக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவர வேண்டும். அங்கேதான் அவனுடைய தாய் சபியா உம்மா இரண்டு மாதமாக மறித்து நின்றா. "மாமா மவுத்தான அன்டே கடை துறந்த கல்லு நெஞ்சன்ட ஊட்டுல என்ட புள்ளய உடமாட்டன்." என் மாமா இறந்த அன்று கடை திறந்தது உண்மை, உருளைக்கிழங்கு லொறி வந்து நின்றது, நான் என்ன செய்ய? மகள் என்னோடு கதைப்பதையே விட்டுவிட்டாள். உங்கள் பத்திரிகை வந்த அன்று, அஸர் தொழுகைக்குப் பிறகு, சபியா உம்மா இனிப்பு வட்டிலப்பத்தோடு வந்து இறங்கினா. "ஆரோ ஒரு தலைவருக்கே இப்பிடி அழுற மனிசன், என்ட புள்ளய அழ வைப்பாரா?" நான் வட்டிலப்பத்தில் ஒரு துண்டை வாயில் போட்டுக்கொண்டேன். விலை படிந்த பிறகு வியாபாரி கதைக்கப்படாது. வருகிற வெள்ளிக்கிழமை நிக்காஹ். ஜெனூபா காலையில் "வாப்பா" என்று கூப்பிட்டாள். அந்தச் சத்தத்துக்கு உங்களுக்கு எப்படி நன்றி சொல்வேன்!

அந்த நிருபரைக் கண்டித்துவிடாதீர்கள், அவர் காது அப்படியே இருக்கட்டும். இக்கடிதத்தை மட்டும் தயவுசெய்து பிரசுரிக்க வேண்டாம்.

உங்கள் பேனைக்கு அல்லாஹ் பரக்கத் செய்வானாக.

என்றும் கடமைப்பட்ட,
ஐ. எல். ஸைனுலாப்தீன்

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகும்போது சபியா உம்மா ஆள் அனுப்பியிருக்கிறா. இவ்வளவு இளகிய மனிதரின் வீட்டில் மகன் மட்டும் இருப்பது நியாயமில்லையாம். தானும் தங்கச்சியும் மூன்று ஆடுகளும் நிரந்தரமாகவே வருகிறார்களாம். ஆகவே, கடிதத்தைப் பிரசுரியுங்கள், முதற்பக்கத்திலேயே. ஆனால் சனிக்கிழமை. ஒரு நாள்கூட முந்திவிடாதீர்கள்.