காரணம் சொல்லாத ரத்து

பொறியாளர் நாற்காலியை விட்டு எழுந்து நின்றார். மேஸ்திரி தன் பின்னால் வேறு யாராவது வருகிறார்களா என்று திரும்பிப் பார்த்தார்.

கலவைச் சட்டி சுமந்த காலம் தொட்டு, சொந்தமாகக் காண்ட்ராக்ட் எடுக்கிற இந்த நாள்வரை, எந்த அரசு அலுவலகத்திலும் அவருக்காக ஒருத்தரும் எழுந்ததில்லை. இந்த இளைஞரோ தன் நாற்காலியையே இவர் பக்கம் தள்ளினார்.

"உக்காருங்க. தண்ணி குடிக்கிறீங்களா?"

"தண்ணி இருக்கட்டும் சார். ஆஸ்பத்திரி சுத்துச்சுவர் டெண்டர் எனக்குத்தானே வந்துச்சு? ஏன் ரத்தாச்சு?"

"நிர்வாகக் காரணங்க."

"அப்படின்னா?"

மின்விசிறி நேர் தலைக்கு மேலே சுற்றியது. அப்படியும் பொறியாளருக்கு நெற்றி வேர்த்தது.

"அதை இப்ப சொல்ல முடியாதுங்க. மன்னிச்சுடுங்க."

மன்னிப்பு வேறா? மேஸ்திரி படியிறங்கும்போதே முடிவு கட்டிவிட்டார். எவனிடமோ கை நீட்டியிருக்கிறான்.

சாயங்காலம் மகள் அவர் விரல்களுக்கு எண்ணெய் தடவிக்கொண்டிருந்தாள். சிமென்ட் தின்ற விரல்கள். ரேகை வைத்தால் எந்த இயந்திரமும் ஏற்காது. தாய் போனபின் அந்த வெடிப்புகளைப் பார்த்துக்கொள்வது இவள்தான்.

"வேலையில குறைன்னு சொல்லட்டும், இடிச்சுட்டு மறுபடி கட்டிக் குடுக்கறேன். காரணமே சொல்லலைன்னா நாலு பேர் என்ன நினைப்பாங்க? கலவையில மண்ணை அள்ளிப் போடறவன்னுதானே?"

"அப்படி யாரும் நினைக்க மாட்டாங்க. விட்டுடுங்கப்பா."

"பேர் கெட்டா அப்புறம் எவன்மா வேலை குடுப்பான்?"

மறுநாளே கண்காணிப்புப் பிரிவில் புகார் கொடுத்தார். அவர்கள் மின்னல் வேகத்தில் நடவடிக்கை எடுத்தார்கள். அந்தப் பொறியாளர் மேற்பார்வையில் நடக்கும் எல்லா வேலையும் நிறுத்தம். மேஸ்திரியே கட்டிக்கொண்டிருந்த பள்ளிக்கூடப் படிக்கட்டும் அதில் ஒன்று.

பாதிப் படியில் உட்கார்ந்து கொத்தனார் காலாட்டினார்.

"நல்ல புகார் மேஸ்திரி. இன்னொண்ணு குடுங்க, நாங்க எல்லாரும் ஒரேயடியா வீட்டுக்குப் போயிடறோம்."

மேஸ்திரி நேரே வக்கீலிடம் போனார். வக்கீல் கெட்டிக்காரர். வழக்கு முடியும்வரை அந்தச் சுவர் வேலையை வேறு யாருக்கும் கொடுக்கக் கூடாது என்று தடை வாங்கிவிட்டார். மேஸ்திரி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வீட்டுக்கு வந்தார்.

ஆஸ்பத்திரியின் பழைய சுவர் இடிந்து விழுந்த ஓட்டை அப்படியே கிடந்தது. அதன் வழியாக நாய்கள் உள்ளே போய், வார்டு வாசலில் கழற்றிவைத்த செருப்புகளைக் கவ்விக்கொண்டு ஓடின. ஒற்றைச் செருப்போடு ஒரு பெரியவர் மேஸ்திரி வீட்டைத் தேடி வந்தார்.

"யாரையும் கட்ட விடாம தடை வாங்கினது நீதானேய்யா?"

"நான்தாங்க."

"அப்ப என் செருப்புக்கு ஒரு வழி சொல்லு."

மேஸ்திரி தன் செருப்பைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, வெறுங்காலோடு மறுபடி வக்கீலிடம் போனார்.

"சீக்கிரம் முடியணும்னா மனுவில காரம் கூடணும். பொறியாளர் லஞ்சம் வாங்கினார்னு போட்டுடலாமா?" என்றார் வக்கீல்.

"போடுங்க. மனசுல இருக்கறதுதானே."

இதைக் கேட்டதும் மகள் எண்ணெய்க் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டாள்.

"அவர் அப்படிப்பட்டவர் இல்லப்பா."

"உனக்கெப்படித் தெரியும்?"

"முகத்தைப் பார்த்தாலே தெரியலையா?"

"நீ எப்ப பார்த்தே?"

"நீங்கதானே சொன்னீங்க, வேர்த்துதுன்னு. பயந்த சுபாவம் போல."

"திருடனுக்கும்தான் வேர்க்கும்."

"அவருக்கு வேலையே போயிடும்ப்பா."

"என் பேரு போயிடுச்சேம்மா" என்றார் மேஸ்திரி. மகள் மறுபடி அவர் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அன்றைக்கு எண்ணெய் கொஞ்சம் அதிகமாகவே வழிந்தது.

விசாரணைக்குத் தானும் வருவேன் என்று அவள் பிடிவாதம் பிடித்தாள். வராந்தாவில் நின்ற பொறியாளர் மேஸ்திரியைப் பார்த்ததும் கைகூப்பினார். மேஸ்திரி முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

உள்ளே அரசு வக்கீல் எழுந்தார். "காரணம் ரகசியம். வெளியில சொல்ல முடியாது."

"சுவர்ல என்னய்யா ரகசியம்?" என்றார் நீதிபதி.

"ஒரு அதிகாரியோட சொந்த விஷயம்."

நீதிபதி மேஸ்திரி பக்கம் திரும்பினார். "அது வெளியே வந்துதான் ஆகணுமா?"

மகள் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள். மேஸ்திரி மெல்ல விடுவித்துக்கொண்டார்.

"ஆகணுங்க ஐயா. கூலிக்காரனா இருந்து கட்டிக் கட்டிச் சேர்த்த பேரு. அதுல கறை இருக்கக் கூடாது. காரணம் எதுவானாலும் தாங்கிக்கறேன்."

நீதிபதி தலையசைக்க, பொறியாளர் முன்னால் வந்தார்.

"அவர் வேலையில ஒரு குறையும் இல்லைங்க. அவர் கட்டின சுவர்ல நான் எத்தனையோ தடவை மட்டம் வெச்சுப் பார்த்திருக்கேன், இம்மி பிசகினதில்லை. ஆனா டெண்டரைப் பார்க்கிற அதிகாரிக்கு நெருங்கின சொந்தமா இருந்தா, டெண்டர் கொடுக்கக் கூடாதுன்னு விதி இருக்கு. பள்ளிக்கூடப் படிக்கட்டு கொடுத்தப்ப அந்தச் சொந்தம் இல்லை, இப்ப இருக்கு. பேரைப் பார்த்ததும் நானே மேலிடத்துல சொல்லி ரத்து பண்ண வெச்சேன்."

மேஸ்திரி சிரித்தேவிட்டார். "சொந்தமா? அந்த ஆபீஸ்ல எனக்குச் சொந்தம்னு சொல்லிக்க ஒரு ஈ காக்கா கிடையாதுங்களே."

பொறியாளர் கர்சீப்பை எடுத்து நெற்றியைத் துடைத்துக்கொண்டார்.

"இவர் என் மாமனாருங்க ஐயா. அவருக்குத்தான் இன்னும் தெரியாது."