பசுவைக் கொன்ற கவுன்சிலர்

‘தெரியாது’ என்று சொல்லப் பேராசிரியர்களுக்கு வாய் வராது. அரசியல்வாதிகளுக்கும் வராது. நான் இரண்டுமாக இருந்த ஓர் ஐப்பசியில், ஸ்ரீரங்கத்தில் ஒரு தெருவே தீபாவளிக்கு முறுக்கு இல்லாமல் போனது. அப்போது மழைமேல் பழி போட்டுப் பார்த்தேன். யாரும் நம்பவில்லை.

திருச்சியில் ஒரு கல்லூரியில் வரலாறு கற்பித்து ஓய்வு பெற்றவன் நான். வீட்டில் சும்மா இருக்கத் தெரியாமல் மாநகராட்சித் தேர்தலில் சுயேச்சையாக நின்று, எனக்கே ஆச்சரியமாக, ஜெயித்துவிட்டேன். கொள்ளிடக் கரையை ஒட்டிய வார்டு. நான் கொடுத்த பெரிய வாக்குறுதி, எங்கள் தெருவுக்கு ஒரு மழைநீர் வடிகால். அதை நம்பி எனக்காக வீடுவீடாக ஏறி இறங்கியவர் ஜெயந்தி. தெருவின் தாழ்ந்த கோடியில் மாவு மில் வைத்திருந்தார். கணவர் போன பிறகு இரண்டு பெண்களையும் அந்த மில்தான் படிக்க வைத்துக்கொண்டிருந்தது.

“தீபாவளிக்குள்ள முடிச்சிருவீங்கள்ல சார்? வருஷம் பூரா ஓடுறது ஒரு ஓட்டம், தீபாவளிக்கு ஓடுறது ஒரு ஓட்டம். அதுல தண்ணி வந்துச்சுன்னா நான் அவ்வளவுதான்.”

“என்னை நம்பும்மா” என்றேன். (நம்பினார். அதுதான் இன்றும் என்னை உறுத்துகிறது.)

மேஸ்திரி ஆரோக்கியம் மேட்டுப் பக்கத்திலிருந்து தோண்டிக்கொண்டே வந்தார். சரியாக ஜெயந்தியின் மில் வாசலுக்கு வந்தபோது கடப்பாரை ‘ணங்’கென்றது. இடுப்புயரக் கல் ஒன்று மண்ணுக்குள் நின்றிருந்தது. அதன் முகம் நிறைய எழுத்து.

“சார், அலுங்காம தூக்கி ஓரமா வச்சிட்டு வேலையப் பார்க்கவா?”

நான் குழிக்குள் இறங்கி அந்தக் கல்லைத் தொட்டேன். என்றைக்கோ செத்துப்போன ஒரு கை வெட்டிய பள்ளத்தில் என் விரல் போய்ப் பொருந்தியது. மெய்சிலிர்த்துவிட்டது. அந்தச் சிலிர்ப்பு மட்டும் உண்மை. அதற்குப் பிறகு நான் செய்தது எல்லாம் நடிப்பு.

“யாரும் தொடக் கூடாது. இது சோழர் கல்வெட்டு” என்று அறிவித்தேன்.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். என் ஆராய்ச்சி திருச்சிக்கு ரயில் வந்த கதையைப் பற்றியது. கல்வெட்டை வகுப்பில் கரும்பலகையில்தான் பார்த்திருக்கிறேன். ஆனால் தெருவே சுற்றி நின்று, “சார் படிச்சிருவார்” என்று சொல்லும்போது என்ன செய்வது?

தொல்லியல் அலுவலகத்துக்குப் போன் செய்தேன். “படம் எடுத்துக்கிட்டு, பத்திரமா ஓரமா எடுத்து வைங்க. நாங்க வந்து பார்த்துக்கறோம்” என்றார்கள். இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. கல் நின்ற இடத்திலேயே அதைப் படித்து, கண்டுபிடித்தவன் என்ற பெயரோடு பத்திரிகையில் படம் வர வேண்டும் என்று ஆசை. வேலையை நிறுத்தினேன். தினமும் பூதக்கண்ணாடியோடு குழிக்குள் உட்கார்ந்து, புரிவது போலத் தலையாட்டினேன்.

ஆரோக்கியம் மட்டும் வானத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். “சார், தெருத் தண்ணி மொத்தத்துக்கும் இதுவரைக்கும் வழி வெட்டிக் கொடுத்துட்டோம். இதுக்கு மேல எங்க போகும்னு நினைக்கறீங்க?”

ஒரு வாரம் கழித்து, வேறு வழியில்லாமல், என் பழைய மாணவி பானுவைக் கூப்பிட்டேன். பாலக்கரைப் பெண். தஞ்சாவூரில் கல்வெட்டு ஆராய்ச்சியில் இருந்தாள். அவள் வந்து சேர்ந்த மத்தியானம்தான் மழையும் வந்தது.

முன்பெல்லாம் தெருத் தண்ணீர் நாலு பக்கமும் பரவி, மில் வாசற்படியைத் தொட்டுவிட்டுத் திரும்பும். இப்போது நான் வெட்டிக் கொடுத்த பாதையில் ஒன்றாகத் திரண்டு வந்து, கல்லில் மோதி, நேராக மில்லுக்குள் நுழைந்தது. அரைக்க வந்திருந்த அத்தனை வீட்டு அரிசியும் மாவும் தூக்குவாளிகளோடு மிதந்தன. மோட்டார் முழுகிவிட்டது.

பானு முழங்கால் தண்ணீரில் நின்று செல்போன் விளக்கைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தாள். எழுத்துகள் எழுந்து நின்றன.

“சோழர் இல்ல சார். நாயக்கர் காலம் மாதிரி இருக்கு.”

“கொஞ்சம் மெதுவாச் சொல்லும்மா.”

“சத்தமாவே சொல்லும்மா” என்றார் ஜெயந்தி, கையில் ஒழுகும் தூக்கோடு. “எங்க மாவத் தின்ன கல்லு என்னதான் சொல்லுதுன்னு நாங்களும் கேட்கறோம்.”

பானு ஒருமுறை என்னைப் பார்த்தாள். பிறகு படித்தாள். கொள்ளிடத்துக்குப் போகும் இந்த வடிகாலை யாதொருவன் மறித்தாலும், அவன் கங்கைக் கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போகக் கடவான்.

“அப்ப, அந்தக் காலத்துலயே இங்க எவளுக்கோ மாவு நனைஞ்சிருக்கு” என்றார் ஜெயந்தி. சிலர் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. மாவை அள்ளப் போய்விட்டார்.

நான் வாழ்நாள் முழுக்கச் சொல்லிக் கொடுத்த வரலாறு ஒருமுறைகூட என்னைத் திரும்பிப் பார்த்ததில்லை. அன்று பார்த்தது. இந்தத் தண்ணீர் எந்த வழியாகப் போகும் என்று யாரோ அறிந்திருக்கிறார். அதை மறிக்க என்னைப் போல ஒருவன் வருவான் என்பதும் அவருக்குத் தெரிந்திருக்கிறது. அவ்வளவு பழைய கோபம், அவ்வளவு சரியான விலாசத்துக்கு வந்து சேர்ந்ததை நினைத்து, வெட்கத்தையும் மீறி மலைத்து நின்றேன்.

“சார், தள்ளுங்க” என்றார் ஆரோக்கியம். நாலு பேர் சேர்ந்து கல்லைப் பெயர்த்து ஓரத்தில் நிறுத்தினார்கள். சிறிது நேரத்துக்கெல்லாம் கொள்ளிடப் பக்கம் மீதியிருந்த கொஞ்சத்தையும் வெட்டிவிட்டார்கள். தண்ணீர் பழகிய வழியில் போவது போலப் போனது.

ஜெயந்தியிடம் மன்னிப்புக் கேட்டேன். அலுவலகம் சொன்னதை மறைத்ததையும் சொல்லிவிட்டேன்.

“மன்னிப்பை வச்சு நான் என்னத்த அரைக்க? மோட்டாருக்கு வழியப் பாருங்க.”

மோட்டாரை ஆட்டோவில் ஏற்றி அரியமங்கலம் பட்டறைக்குக் கொண்டுபோய், உள்ளே இருக்கும் கம்பிச் சுருளைப் புதிதாகக் கட்டி முடிக்கும்வரை அங்கேயே கிடந்தேன். ஓடத் தொடங்கியபோது தீபாவளி போய்விட்டது. அந்த வருட ஓட்டத்தை யாராலும் அவருக்குத் திருப்பித் தர முடியவில்லை.

அடுத்த தேர்தலில் நான் நிற்கவில்லை. ஜெயந்தி நின்றார். அவருக்காக நான் வீடுவீடாகப் போனேன். கதவைத் திறந்தவர்கள் எல்லாம், “வாங்க, பசு சார்” என்றார்கள். அவர் ஜெயித்தார். நான் வாங்கியதைவிட அதிக ஓட்டு.

கல் அங்கேயேதான் நிற்கிறது. திருச்சியில் மழை என்று டிவியில் சொன்னால் போதும், பெங்களூரிலிருந்து என் மகள் கூப்பிட்டுவிடுவாள். என் முழங்கால் வலியைக்கூட விசாரிக்க மாட்டாள்.

“அப்பா, பசு எப்படி இருக்கு?”

குடையை எடுத்துக்கொண்டு தெருக்கோடிவரை போய், தண்ணீர் ஓடுகிறதா என்று பார்த்துவிட்டு வந்துதான் பதில் சொல்வேன்.

“உசுரோட இருக்கும்மா.”