ஹொனோரியாஸுக்கு ஒரு வெள்ளைக்கொடி

ரோம சாம்ராஜ்யம் நாளைக்கே திரும்பி வந்தால், கண்டியில் அதற்கு முதலில் உட்காரக் கதிரை எடுத்துப் போடுகிறவர் எங்கள் போட்டோ கொப்பி அண்ணனாகத்தான் இருப்பார்.

அவர் ஹேவாஹெட்டத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர். அரசாங்க அலுவலகமான கச்சேரிக்குப் போகிற வழியில் கடை. பல்கலைக்கழக மாணவி ஒருத்தி கொப்பி எடுக்கக் கொடுத்த ஆய்வேட்டைத் திரும்ப வாங்க வரவேயில்லை. ஒரு மாதம் பொறுத்துப் பார்த்தவர், அகராதியும் கையுமாக உட்கார்ந்து அதை வாசித்துவிட்டார். கருங்கடல் ஓரத்தில் ஹொனோரியாஸ் என்று ஒரு சின்ன மாகாணம். ரோமச் சக்கரவர்த்தி ஒருவர் பக்கத்து மாகாணங்கள் இரண்டில் துண்டு வெட்டி ஒட்டி, தன் மகன் பெயரை வைத்தது. அந்தத் தாள்கட்டில் கடைசி அத்தியாயம் மட்டும் இல்லை.

அதன்பிறகு அடையாள அட்டையைக் கொப்பி எடுக்கப் போன யாரும் ஹொனோரியாஸின் தலைநகரம் தெரியாமல் திரும்பியதில்லை. அங்கே இந்த முறை தேர்தலில் யார் வருவார்கள் என்று மீன் வியாபாரி ஒருவர் அக்கறையாக விசாரித்தார்.

முடிவு என்ன ஆயிற்று என்று தெரியவில்லையே என்று அண்ணன் என்னிடம் புலம்புவார். நான் போனில் தேடிப் பார்த்துவிட்டு, இரண்டு வருடம் வாயைத் திறக்கவில்லை. ஒருநாள் நேராகவே கேட்டுவிட்டார். பின்னால் வந்த சக்கரவர்த்தி ஒரே கட்டளையில் அதைப் பக்கத்து மாகாணத்தோடு சேர்த்துவிட்டதைச் சொன்னேன்.

அண்ணன் இயந்திரத்தை நிறுத்தினார்.

"அங்க இருந்த சனங்ககிட்ட கேட்டாங்களா சார்?"

"தெரியலை அண்ணே."

"கேட்டிருக்க மாட்டாங்க. எங்க தாத்தா இந்தியாவா இலங்கையான்னு ரெண்டு அரசாங்கமும் முடிவு பண்ணினப்பவும் அவர்கிட்ட யாரும் கேக்கல."

மறுநாள் வியாபாரம் இல்லை; கடை வாசலில் சாவு வீட்டு வெள்ளைக்கொடி தொங்கியது. பக்கத்துத் தேநீர்க்கடைச் சிங்கள முதலாளி சீனியும் பிஸ்கட்டுமாக வந்து, யார் தவறியது என்று கேட்டார். அண்ணன் பொய் சொல்லாதவர். ஹொனோரியாஸ் என்றார். முதலாளி அதை ஏதோ சொந்தக்காரப் பெண்ணின் பெயர் என்று நினைத்து, கண் கலங்கிப் பத்து நிமிடம் கூடவே உட்கார்ந்திருந்தார். வயது என்ன என்று கேட்டதற்கு, நூற்றைம்பது இருக்கும் என்று பதில் வந்தது. நல்ல சாவுதான் என்று ஆறுதல் சொல்லிவிட்டுப் போனார்.

மூன்றாம் நாள் கடை திறந்தது.

இப்போது என் வீட்டிலேயே பிரிண்டர் இருக்கிறது, கொப்பியும் எடுக்கும். ஆனாலும் வாரத்துக்கு ஒருமுறை, எதற்கும் தேவைப்படாத ஒரு தாளை எடுத்துக்கொண்டு அவரிடம் போய்விடுகிறேன்.