முதுகில் ஒரு ஆஸ்திரேலிய உண்ணி

முதுகைப்போல நம்ப முடியாத உறவு வேறில்லை. பிறந்த நாள்முதல் கூடவே வருகிறது. ஆனால் அதில் என்ன நடக்கிறது என்பதை நாமாகப் பார்த்துக்கொள்ள வழியில்லை. அடுத்தவர் சொல்லித்தான் தெரியவேண்டும். இந்த உண்மையை என் முப்பதாவது வயதில், லண்டன் நோர்பரியில் ஒரு வீட்டு வரவேற்பறையில், சட்டையைக் கழுத்துவரை சுருட்டிவிட்டபடி குப்புறக் கிடந்து அறிந்துகொண்டேன். இப்போது நினைத்தாலும் காது சூடாகிறது.

அந்த வருடம் சிட்னியில் இருக்கும் வதனி அக்காவிடம் போய் மூன்று வாரம் நின்றேன். அக்கா வீட்டில் ரொக்கி என்றொரு நாய். வீட்டின் பின்வேலியைத் தாண்டினால் காடு. காலையில் நானும் ரொக்கியும் அதற்குள் நடப்போம். மாலையில் அது சோபாவில் ஏறி என் மடியில் படுக்கும். அக்கா ஒவ்வொரு நாளும் அதன் மயிருக்குள் விரலை விட்டு, கழுத்து, காதுமடல், கால்விரல் இடுக்கு என்று தடவிப் பார்ப்பார். உண்ணி தேடுகிறாராம். (ஊரில உண்ணி எண்டால் புடுங்கி மண்ணெண்ணெய்க்குள்ள போட்டால் அலுவல் முடிஞ்சுது. இதுக்கேன் இவ்வளவு ஆரவாரம்?) கடைசி நாட்களில் அக்காவுக்கு வேலை கூடிவிட, அந்தப் பொறுப்பு என்னிடம் வந்தது. நான் ஒரு நாளும் தேடவில்லை. "பாத்திட்டியோ?" என்று அக்கா கேட்கும்போது மட்டும், "ஓம் ஓம், பாத்திட்டன்" என்பேன்.

லண்டனுக்குத் திரும்பி மூன்றாம் நாள் அக்கா அழுதுகொண்டு போன் எடுத்தார்.

"ரொக்கி பின்னங்கால் இழுபட்டு விழுந்திட்டுதடா. குரைக்கிற சத்தமே மாறிப்போச்சு. மூச்சு விட ஏலாமல் கிடக்குது. டொக்டர் கழுத்துக்குள்ள இருந்து உண்ணி ஒண்டு எடுத்தவர். ஊசி போட்டு, ஒக்ஸிஜன் பிடிச்சு வைச்சிருக்கினம்."

அந்தப் பக்கத்து உண்ணி கடித்துக்கொண்டே நஞ்சை இறக்குமாம். கால் முதலில் சோரும், பிறகு மூச்சு. நாயும் பூனையும் செத்தே போவதுண்டாம். நான் தேடியிருந்தால் அகப்பட்டிருக்கும். அதை அக்காவிடம் சொல்லத் தைரியம் வரவில்லை. அக்காவோ அழுகையை நிறுத்திவிட்டு என்மீது இரக்கப்பட்டார்.

"உன்ர மடியிலதானே கிடந்தது. நீயும் உடம்பைப் பார். மனுசருக்குப் பெரும்பாலும் ஒண்டும் செய்யாது. ஆனால் சிலருக்கு ஒவ்வாமை வந்து மூச்சடைக்கும். வேற சிலருக்கு ஆட்டிறைச்சி, மாட்டிறைச்சி ஒண்டும் சாப்பிட ஏலாமப் போகும். எங்கட பக்கத்து வீட்டு மனுசனுக்கு அதுதான் நடந்தது."

நான் அப்போது ரெய்னர்ஸ் லேனில் சறோ அன்ரியும் தேவா அங்கிளும் இருக்கும் வீட்டில் ஒரு அறை வாடகைக்கு எடுத்திருந்தேன். கதவைப் பூட்டினேன், உடுப்பைக் களைந்தேன், தலைமுதல் கால்வரை சோதித்தேன். முன்பக்கம் சுத்தம். கண்ணாடிக்கு முதுகைக் காட்டி, போனைத் தோளுக்கு மேலால் பிடித்து ஒரு படம் எடுத்துப் பார்த்தேன். படம் கலங்கலாக இருந்தது. ஆனால் நடு முதுகில், கை எட்டாத இடமாகப் பார்த்து, மண்ணிறத்தில், நீள்வட்டமாக, துவரம்பருப்பளவில் ஒன்று ஒட்டிக்கொண்டிருந்தது. பெரிதாக்கிப் பார்த்தபோது கால்களும் தெரிந்தன. (என் முதுகில் மயிர் உண்டு என்பது அன்றுவரை எனக்குத் தெரியாது.)

படத்தை அக்காவுக்கு அனுப்பினேன். அரை நிமிடத்தில் பதில் வந்தது. "உண்ணிதான்! தொடாதை! இழுக்காதை! நசிச்சால் நஞ்சு முழுக்க உள்ள இறங்கும். உறைய வைச்சுச் சாக்கொல்லோணும்."

அந்த நிமிடத்திலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. குப்புறப் படுத்தேன், எழும்பினேன், நடந்தேன். முதுகு தினவெடுத்தது. சொறியவும் பயம். தண்ணீர் பட்டால் அதற்குக் கோபம் வந்துவிடுமோ என்று குளிப்பதையும் நிறுத்தினேன். மருந்துக் கடைக்குப் போய் மருவை உறையவைக்கும் ஸ்பிரே ஒன்று வாங்கினேன். அங்கிருந்த பெண், உண்ணி என்றால் முள் எடுக்கும் மெல்லிய சாவணத்தால் நேராக இழுத்தால் போதுமே என்றாள். இது ஆஸ்திரேலிய உண்ணி, இதன் குணம் உங்களுக்குத் தெரியாது என்று வகுப்பெடுத்துவிட்டு வந்தேன். அறைக்கு வந்து இடக்கையால், வலக்கையால், கக்கத்துக்குள்ளால் என்று அடித்துப் பார்த்ததில் திரைச்சீலையும் தலையணையும் உறைந்தன. உண்ணி சௌக்கியமாக இருந்தது.

யாரிடமாவது முதுகைக் காட்டியிருக்கலாமே என்பீர்கள். காட்ட முடியாமல்போனதற்குக் காரணம் அபி. இரண்டு வருடமாக நாங்கள் இருவரும் விரும்பியிருந்தோம். அந்த ஞாயிறுதான் அவள் வீட்டுக்கு முதன்முதலாக மத்தியானச் சாப்பாட்டுக்குப் போகவேண்டும். என்னைப் பற்றி அவளுடைய அப்பா கேட்ட முதல் கேள்வியே, "பெடியனுக்கு நோய் நொடி, வருத்தம் கிருத்தம் ஒண்டும் இல்லையோ?" என்பதுதான். முதுகில் நஞ்சுப் பூச்சி என்று ஒருவருக்குச் சொன்னால், ரெய்னர்ஸ் லேனிலிருந்து அவர்கள் இருக்கும் நோர்பரிக்கு அந்தச் செய்தி எனக்கு முன்னால் போய்ச் சேரும். அபியிடம்கூட மூச்சுவிடவில்லை.

ஞாயிறன்று ஸ்பிரேயையும் பைக்குள் போட்டுக்கொண்டு புறப்பட்டேன். பிக்கடிலி லைன் ரயிலில் சீட் காலியாக இருந்தும் சாயப் பயந்து நின்றுகொண்டே போனேன். இரண்டு இடத்தில் மாறி, விக்டோரியா வழியாக நோர்பரியில் இறங்கும்போது கால் உண்மையாகவே சோர்ந்துபோயிருந்தது. தொடங்கிவிட்டது என்று நினைத்தேன்.

அபியின் அப்பா பலசரக்குக் கடை வைத்திருப்பவர். ஞாயிறு காலை கடையை ஆளிடம் விட்டுவிட்டு, தானே ஆட்டிறைச்சி வெட்டி, தானே அரைத்த தூள் போட்டுக் காய்ச்சியிருந்தார். வீடு முழுக்க வாசம். அகப்பையோடு என் தட்டுக்கு மேலே வந்தார்.

"இறைச்சி போடட்டே தம்பி?"

இறைச்சி ஒவ்வாமை வருவதாக இருந்தாலும் அதற்குப் பல வாரங்கள் ஆகும் என்று பிற்பாடு அறிந்தேன். அன்று எனக்கு ஒரு துண்டு தின்றாலே மூச்சடைக்கும் என்று தோன்றியது. கையைத் தட்டுக்கு மேலே குடையாகப் பிடித்தேன்.

"வேண்டாம் அங்கிள். நான்... விரதம்."

அபி என்னை விசித்திரமாகப் பார்த்தாள். நான் சிட்னியிலிருந்து வந்திறங்கிய அன்றுதான் இருவரும் சவுத்தாலில் ஆட்டுக்கறி வெளுத்துக் கட்டியிருந்தோம். அபியின் அம்மாவுக்கோ முகமெல்லாம் மலர்ந்தது.

"இந்தக் காலத்தில விரதம் பிடிக்கிற பெடியளே இல்லை. என்ன விரதம் தம்பி?"

"ஆவணி ஞாயிறு அன்ரி."

"இது ஐப்பசி," என்றார் அப்பா.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். ஆனால் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. மீனுக்கு ஒவ்வாமை வராது என்று வாசித்திருந்தேன். பக்கத்தில் அறக்குளா மீன் பொரியல் மொறுமொறுவென்று இருந்தது. கை தன்பாட்டில் போய் இரண்டு துண்டை எடுத்துவிட்டது.

"மீனுக்கு விரதம் இல்லையோ?" என்று கேட்டார் அப்பா. நான் முள் எடுப்பதில் மும்முரமானேன்.

சாப்பிட்டு முடிய வரவேற்பறையில் உட்கார வைத்தார்கள். முதுகு படக்கூடாது என்று சோபாவின் விளிம்பில், ஒரு காலை மடித்து அதன்மேல் ஏறி, நாற்பது நிமிடம் அசையாமல் இருந்தேன். அப்பா வேலையைப் பற்றிக் கேட்டார், வீடு வாங்கும் யோசனை உண்டோ என்று கேட்டார். எனக்கு ஒன்றும் மண்டையில் ஏறவில்லை. இதற்கிடையில் அபி தேத்தண்ணி கொண்டுவந்தாள். வாங்குவதற்காக எழும்பினேன்.

வலது கால் அங்கே இல்லை. ஒரு உணர்வும் இல்லை. அப்படியே முன்னுக்குச் சரிந்து, அபியின் அப்பாவின் இரண்டு பாதங்களிலும் முகம் படும்படி விழுந்தேன்.

பிறகு தலையில் ஒரு கை பட்டது.

"சரி சரி, எழும்புங்கோ தம்பி. உதெல்லாம் பிறகு பாப்பம்," என்றார் அப்பா. ஆசி கேட்டுக் காலில் விழுந்ததாக நினைத்துக்கொண்டார். ஆவணி, ஐப்பசி, மீன் எல்லாவற்றையும் அவர் மன்னித்துவிட்டது தெரிந்தது. வாயை மூடிக்கொண்டு அப்படியே கிடந்திருந்தால் மாலைக்குள் நாள் குறித்திருப்பார்கள்.

"எழும்ப ஏலாது அங்கிள்! கால் இழுத்திட்டுது! முதுகில நஞ்சு உண்ணி!" என்று கத்தினேன்.

அம்மா "ஐயோ!" என்றார். அபி சட்டையைத் தூக்கினாள். நான் சிட்னி, ரொக்கி, நஞ்சு, ஒக்ஸிஜன், இறைச்சி எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்லி, நாயை ஒருநாளும் தேடிப் பார்க்காததையும் தரைவிரிப்பிடம் ஒப்புக்கொண்டு, பைக்குள் ஸ்பிரே இருக்கிறது, தொடாமல் உறைய வையுங்கள் என்று கெஞ்சினேன். அப்பா ஸ்பிரேயை எடுத்தார். கடையில் கரப்பான் பூச்சிக்கு அடித்துப் பழகிய கை அது. முதுகு முழுக்க அடித்தார். நெருப்பை வைத்ததுபோல் எரிந்தது.

"அப்பா, ஸ்டொப்! போதும்!" என்று அபி அவர் கையைப் பிடித்தாள்.

அம்மா மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்தார். நகத்தால் மெல்லச் சுரண்டினார். பிறகு நிமிர்ந்து, விரல் நுனியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"இது பொட்டெல்லோ," என்றார்.

ஒட்டுப்பொட்டு. மெரூன் நிறம், நீள வடிவம். வெல்வெட் பொட்டு.

மரத்திருந்த கால் அந்த நேரம் பார்த்து உயிர்பெற்றுக் குறுகுறுக்கத் தொடங்கியது. எழுந்து உட்கார்ந்தேன். எனக்கு நிம்மதி. எனக்கு மட்டும்தான் நிம்மதி என்பது விளங்கச் சற்று நேரம் பிடித்தது. பெண் கேட்டு வந்தவனின் வெறும் முதுகில், சட்டைக்குள்ளே, ஒரு பெண்ணின் பொட்டு. அபி பொட்டே வைப்பதில்லை. அவள் என்னைப் பார்க்கவில்லை. தேத்தண்ணிக் கோப்பைகளை ஒவ்வொன்றாகத் தட்டில் திருப்பி அடுக்கினாள். உண்ணிக்குப் பயந்ததெல்லாம் ஒரு பயமே இல்லை. அவள் கோப்பை அடுக்கியதைப் பார்த்தபோதுதான் எனக்குச் சாவுபயம் வந்தது.

"ஆரின்ர பொட்டு?" என்றார் அப்பா.

அப்போதுதான் குளியலறை ஞாபகம் வந்தது. சறோ அன்ரி குளிக்கும்போது பொட்டைக் கழற்றிச் சுவரில் பதித்த ஓட்டில் ஒட்டுவார், எடுக்க மறந்துவிடுவார். அங்கே எப்போதும் நாலைந்து பொட்டு வரிசையாக இருக்கும். தலைக்குச் சவர்க்காரம் போடும்போது நான் சாய்வதும் அதே சுவரில்தான். ஆனால் இதைக் கோர்வையாகச் சொல்லும் நிலையில் நான் இல்லை.

"வீட்டுக்கார அன்ரியின்ர," என்றேன்.

அம்மா நெஞ்சில் கைவைத்தார். "போனை எடு. ஸ்பீக்கரில போடு," என்றார் அப்பா. தம்பி, நீங்கள் என்ற மரியாதையெல்லாம் போய்விட்டிருந்தது.

சறோ அன்ரியின் போனை தேவா அங்கிள் எடுத்தார். நான் அவசரப்பட்டு, வாழ்க்கையிலேயே மிக மோசமான ஒரு வசனத்தைச் சொன்னேன்.

"அங்கிள், அன்ரியின்ர பொட்டு என்ர முதுகில ஒட்டியிருக்கு. அது எப்பிடி வந்ததெண்டு இவையளுக்கு ஒருக்காச் சொல்லுங்கோ."

பின்னால் ஓடிக்கொண்டிருந்த டிவி நின்றது.

"அதை நீ முதல்ல எனக்கெல்லோ சொல்லோணும்?" என்றார் தேவா அங்கிள்.

நல்லகாலம், பின்னால் நின்ற சறோ அன்ரி போனைப் பறித்தார். "அது பாத்ரூம் சுவரில கிடந்ததா இருக்கும். எத்தினை தரம் சொன்னனான், உந்தச் சுவரில சாயாதை, ஓடு கழண்டு வருதெண்டு! உன்ர முதுகாலதான் அவ்வளவும் கழண்டது!" என்று தொடங்கி, காயப்போடாத துவாய், பூட்டாத பைப் என்று என் குற்றங்கள் எல்லாவற்றையும் நோர்பரி வரவேற்பறைக்கு வாசித்துக் காட்டினார். எனக்கு அது தேவாரம் கேட்டதுபோல் இருந்தது. அபி தட்டை வைத்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சமையலறைக்குள் ஓடினாள். அங்கிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது.

அபியின் அப்பா சிரிக்கவில்லை. பொட்டை மேசையில் ஒட்டி வைத்து, அதையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு அம்மாவிடம் சொன்னார்: "களவு செய்யிறவன் எண்டால் இதைவிட நல்ல பொய்யாச் சொல்லியிருப்பான். விரதம் எண்டிட்டு மீன் திண்டவன், பொட்டுக்கு மருந்து வாங்கினவன், அந்த மனுசனிட்டையே போய் மனுசியின்ர பொட்டெண்டு சொன்னவன். இவனுக்குப் பிழை விடுற அளவுக்கு மூளை காணாது. பிள்ளையைப் பயமில்லாமல் குடுக்கலாம்."

ரொக்கி ஒரு வாரத்தில் எழும்பி நடந்தது. நான் தேடாமல் விட்ட கதையை அக்காவிடம் சொல்லி, வாங்கவேண்டியதை வாங்கிக்கொண்டேன். ஸ்பிரே அடித்த இடம் கொப்புளித்து, ஆறி, உள்ளங்கை அகலத்தில் வெளிறிப்போனது. அடுத்த தையில் கல்யாணம் நடந்தது.

எட்டு வருடமாகிறது. புதிதாக யார் வீட்டுக்கு வந்தாலும், தேத்தண்ணி ஆறுவதற்குள் மாமா என்னைக் கைகாட்டி அறிமுகம் செய்துவிடுவார். "இவர்தான் எங்கட மருமகன். தங்கமான பிள்ளை. பிழை விட ஆசை இருக்கும்தான், மூளை காணாது." எல்லாரும் சிரிப்பார்கள். எல்லாரையும்விட அபிதான் கூடச் சிரிப்பாள். மாமாவுக்கு நறுக்கென்று ஒரு பதில் சொல்லவேண்டும் என்று நானும் எட்டு வருடமாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். இன்னும் ஒன்றும் வரவில்லை.