ருசி பார்க்க ஆளில்லாத ஃப்ரூட் சலட்

தில்லையடி,
நோன்பு பதினொன்று, ஞாயிற்றுக்கிழமை

அன்புத் தம்பி ஜப்பாருக்கு ராத்தா பளீலா எழுதுவது,

அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் கிருபையால் நாங்கள் இங்கே சுகம். எத்தாளையில் நீயும் உன் வீட்டாரும், தோட்டமும், கிணறும், தண்ணி மோட்டரும் சுகமாக இருக்க வேண்டுமென்று துஆச் செய்கிறேன். விசாரிக்க வேண்டிய அளவுக்குச் சுகம் விசாரித்தாயிற்று. இனி எழுதப்போவது எல்லாம் கோபம். அதற்குத் தகுந்த மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து வாசி.

போனில் சொல்லலாமே என்று கேட்பாய். நேற்று மஃரிபிலிருந்து பதினாலு தரம் எடுத்துவிட்டேன், உன் போன் மூச்சு விடவில்லை. விட்டிருந்தாலும் போனில் சொல்ல மாட்டேன். பாதி சொல்லும்போதே நீ சிரிப்பாய், நீ சிரித்தால் எனக்கும் சிரிப்பு வரும், கோபம் கெட்டுப்போகும். சின்ன வயசிலிருந்து இப்படித்தான் நீ தப்பி வந்திருக்கிறாய். கடிதத்தில் நீ சிரித்தாலும் எனக்குக் கேட்காது.

முப்பத்திநாலு வருசம் கணிதம் படிப்பித்தவள் நான். கோபம் வராத டீச்சர் என்று பெயர் வாங்கினவள். ஒரு உதாரணம் சொல்கிறேன். ஏழை ஏழால் பெருக்கினால் எழுபத்தேழு என்று ஒரு பிள்ளை எழுதினான். அவனைக்கூடப் பக்கத்தில் கூப்பிட்டு, "சரி மகன், ஏழு தட்டில ஏழேழு பேரீச்சம்பழம் வெச்சு எண்ணிப் பார்ப்பமா?" என்றுதான் கேட்டேன். அப்படிப்பட்டவளை ஒரு பை வெள்ளரிப்பழத்தால் இந்த நிலைக்குக் கொண்டுவந்து விட்டிருக்கிறாய்.

நடந்ததைப் படிப்படியாகச் சொல்கிறேன். மகள் ஃபஹ்மியா கல்யாணம் முடித்து இது முதல் நோன்பு. மருமகன் றிப்தி எங்களோடுதான் இருக்கிறார், ஆகவே சம்பந்தி வீட்டாரை ஒருநாள் நோன்பு திறக்கக் கூப்பிட வேண்டியது எங்கள் கடமை. றிப்தியின் உம்மா நிஸ்மியாவை நீ கல்யாணத்தில் பார்த்திருக்கிறாய். குறை சொல்கிற மனுசி என்றால் எனக்குப் பயமே இல்லை. அவர் எதுவும் சொல்ல மாட்டார். அன்றைக்கு என் வட்டிலப்பத்தில் ஒரு கரண்டி வாயில் வைத்து, கண்ணை மூடி, கண்ணைத் திறந்து, "ம்" என்றார். அந்த "ம்" நல்லதா கெட்டதா என்று மூன்று மாசமாக நானும் மகளும் யோசிக்கிறோம். ஃபஹ்மியா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "உம்மா, இந்தத் தரமாவது மாமி ஒரு வார்த்தை நல்லாச் சொல்லணும். ஒண்டே ஒண்டு போதும்" என்றாள். எனக்கு அந்த ஒரு வார்த்தைதான் வேண்டியிருந்தது, தம்பி. வேறெதுவும் வேண்டியிருக்கவில்லை.

வெயிலோ உனக்குத் தெரியும், மத்தியானத்தில் முற்றத்து மணலில் கால் வைக்க ஏலாது. எண்ணெய்ப் பலகாரத்தை விட்டு, பழத்தை வெட்டிக் குளிர வைத்துக் கொடுப்போம் என்று நினைத்தேன். அந்த நேரம் பார்த்து நீ போன் எடுத்தாய். என்ன சொன்னாய் என்று சொல்லுக்குச் சொல் எழுதுகிறேன். "ராத்தா, தோட்டத்தில புதுச் சாதி வெள்ளரிப்பழம் போட்டிருக்கன். வெளியில மஞ்சள், உள்ளுக்கு வெள்ளை. பார்வைக்கு ஒண்டுமில்லாத மாதிரித்தான் இருக்கும், பார்வைய நம்பாத. ஒரு சொட்டுச் சீனி போடாத, போட்டா பழத்துக்கு மரியாதையில்ல." சொன்னாயா இல்லையா?

எத்தாளையிலிருந்து போகிற கொழும்பு பஸ் எங்கள் புத்தளத்துக்குள் வராது என்பதால் பழத்தைப் பாலாவிச் சந்திக் கடையில் இறக்கச் சொல்லியிருந்தாய். உன் மச்சான் தாஹிர் நேற்று நோன்போடு, அந்த வெயிலில் போய், வெள்ளை உரப்பையை மோட்டர்சைக்கிளில் கட்டிக் கொண்டுவந்தார். லுஹர் தொழுதுவிட்டு வெட்ட உட்கார்ந்தேன். பப்பாசி, அன்னாசி, மாம்பழம் எல்லாம் ஒரு பங்கு, உன் பழம் மட்டும் மூன்று பங்கு. ஒவ்வொரு துண்டும் ஒரு சென்டிமீட்டர் கனசதுரம். அளவு தவறிய துண்டுகளை ஒதுக்கி வைத்தேன். தேசிக்காய் பிழிந்து, புதினா கிள்ளிப் போட்டு, கண்ணாடிச் சட்டியில் அது அப்படி இருந்தது. உன் மச்சான் எட்டிப் பார்த்து, "பளீலா, இது கறிக்குப் போடுற சாமான் மாதிரி இருக்கே" என்றார். "பார்வைய நம்ப வேணாமெண்டு தம்பி சொல்லியிருக்கான், நீங்க போய்ப் படுங்க" என்று அதட்டி அனுப்பினேன். உனக்காக, ஜப்பார். உன் சொல்லுக்காகப் புருசனை அதட்டினேன்.

இனி ருசி பார்க்க வேண்டும். யார் பார்ப்பது? உன் மச்சான் மறுபடியும் வந்து, "நாக்கு நுனியில வெச்சுத் துப்பினா நோன்பு முறியாது" என்றார். "அப்ப நீங்க வெச்சுத் துப்புங்க" என்றேன். "எனக்குச் சீனி வருத்தம்" என்று போய்விட்டார். நான் வைத்துத் துப்பலாம், ஆனால் இந்த நாக்கை எனக்கு அறுபத்திமூன்று வருசமாகத் தெரியும், அதை நான் நம்ப மாட்டேன். எதிர்வீட்டு ஏழு வயசுக்காரியைக் கூப்பிட்டால் காய்ந்த நாக்கை நீட்டிக் காட்டி, "நானும் நோன்பு டீச்சர்" என்கிறாள். அப்போதுதான் மக்தலேனா ஞாபகம் வந்தாள். என்னோடு படிப்பித்த டீச்சர், இந்தத் தெருவிலே ஒரேயொரு கத்தோலிக்க வீடு. ஒதுக்கி வைத்திருந்த உன் பழத் துண்டுகளை ஒரு கோப்பையில் போட்டு மூடி எடுத்துக்கொண்டு ஓடினேன். அவள் கோப்பையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "ஐயோ பளீலா, இது எங்கட தபசு காலமெல்லா! உயிர்த்த ஞாயிறு வரைக்கும் இனிப்பு நாக்கில வெக்க மாட்டனெண்டு நேர்ந்திருக்கிறன். உன்ட கையால வந்தும் திண்ண ஏலாமக் கிடக்கே" என்று அவள் கண் கலங்கினாள், நானும் கலங்கினேன். அதில் இனிப்பென்று ஒன்று மருந்துக்கும் இல்லை, அவள் ஒரு சட்டி தின்றிருந்தாலும் நேர்த்தி முறிந்திருக்காது என்பது எங்கள் இருவருக்கும் அப்போது தெரியாது. திரும்பி வரும் வழியில் ஒரு பூனை மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது. பூனை பழம் தின்னாது என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன்.

மஃரிபுக்குப் பாங்கு சொன்னார்கள். பேரீச்சம்பழம், தண்ணி, கஞ்சி எல்லாம் ஒழுங்காகப் போனது. பிறகு நான் எழும்பி நின்று, அல்லாஹ் என்னை மன்னிக்கட்டும், ஒரு சின்னப் பேச்சே பேசினேன். "இது என் தம்பியின்ட சொந்தத் தோட்டத்துப் பழம், சீனி ஒரு சொட்டும் இல்ல" என்று சொல்லிக் கோப்பைகளைக் கொடுத்தேன். நானும் உன் பழத்தில் ஒரு கரண்டி வாயில் வைத்தேன். முதலில் ஒன்றுமே இல்லை. பிறகு தண்ணீர். அதற்குப் பிறகு தொண்டையில் ஒரு கசப்பு எழும்பியது பார், காய்ச்சலுக்குக் குடிக்கிற கொத்தமல்லிக் குடிநீர் அதற்குப் பக்கத்தில் சர்பத்து! றிப்தி மருமகப்பிள்ளைக்குரிய மரியாதையோடு வாயை மூடிக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். ஃபஹ்மியா தலை நிமிரவே இல்லை. சம்பந்தி மட்டும் ஒரு துண்டு மிச்சம் வைக்காமல், மெதுவாக, கோப்பை முழுவதையும் சாப்பிட்டு முடித்தார். முடித்துவிட்டு, "ம்" என்றார்.

அவர்கள் போன பிறகு என் பிள்ளை அறைக்கதவைச் சாத்தினவள் விடியமுன் ஸஹர் சாப்பாட்டுக்குத்தான் திறந்தாள்.

பழம் பிழைத்தால் பிழைத்துவிட்டது, அதற்கல்ல என் கோபம். வகுப்பில் விடை தெரியாத பிள்ளையை நான் ஒருநாளும் ஏசியதில்லை. ஆனால் தெரியாத விடையைக் கையை உயர்த்திக்கொண்டு சத்தமாகச் சொல்கிற பிள்ளை ஒன்று எல்லா வகுப்பிலும் இருக்கும். நீ அந்தப் பிள்ளை. ஒரு பழத்தை வெட்டி நீ வாயில் வைத்துப் பார்த்தாயா? நோன்புக்கு முந்தியே காய்த்த கொடிதானே? நாங்கள் உம்மா இல்லாத வீட்டில் வளர்ந்த ஆட்கள் என்று சம்பந்தி நினைக்க மாட்டாரா? ஆகவே கேள். உம்மா மௌத்தான வருசத்திலிருந்து பெருநாள் தொழுகை முடிந்ததும் உன் முதல் காலடி என் வாசலில்தான். இந்த வருசம் வேண்டாம். வட்டிலப்பம் உனக்கு எடுத்து வைக்க மாட்டேன், வாசலிலும் நிற்க மாட்டேன். நான் சொன்னால் சொன்னதுதான்.

வெயிலில் தொப்பி இல்லாமல் தோட்டத்தில் நிற்காதே. அல்லாஹ் உனக்கு நீண்ட ஆயுளையும், விளைச்சலையும், கொஞ்சம் வெட்கத்தையும் தருவானாக. பிள்ளைகளுக்கு என் ஸலாம். உனக்கு இல்லை.

இப்படிக்கு,
மனம் நொந்த ராத்தா,
பளீலா

பின்குறிப்பு, திங்கட்கிழமை காலை:

கடிதத்தை உறையில் போடும் நேரம் பாலாவிக் கடைக்காரர் உன் மச்சானுக்குப் போன் எடுத்தார். "சேர், உங்கட பழம் இங்கதான் கிடக்கு. கடை முழுக்க ஒரே வாசம். நீங்க கொண்டு போனது சாப்பாட்டுக் கடைக்காரன் கறிக்கு எடுத்த கெக்கிரிக்காய். அவன் ரெண்டு நாளா என்னத் திண்டுகொண்டிருக்கான்!" கெக்கிரி, தம்பி! கசப்பா என்று நறுக்கிப் பார்க்காமல் யாரும் கறிச்சட்டியிலும் போடாத கெக்கிரியை நான் கண்ணாடிச் சட்டியில் போட்டிருக்கிறேன். உன் மச்சானைப் பிடித்து ஏசலாமென்றால், கறிக்குப் போடுகிற சாமான் என்று சொன்ன ஒரே ஆளும் அவர்தான். தரப்பட்டதை முதலில் சரிபார் என்று முப்பத்திநாலு வருசம் பலகையில் எழுதினவள், பையை அவிழ்த்து அதைச் சரிபார்க்கவில்லை. மேலே உன்னை ஏசிய இடமெல்லாம் என்னை ஏசியதாக வாசித்துக்கொள். ஐந்து பக்கத்தைத் திருப்பி எழுத எனக்குக் கை வலிக்கிறது.

இன்னும் இருக்கிறது. அரை மணித்தியாலத்துக்கு முன் சம்பந்தி நிஸ்மியா போன் எடுத்தார். "டீச்சர், முதல் வாயிலயே கெக்கிரியெண்டு எனக்கு விளங்கிட்டு. படிச்ச ஆக்கள், உடம்புக்கு நல்லமெண்டுதான் போட்டிருப்பீங்க. எனக்கு இறங்கல்ல தான். ஆனா எங்கட ஃபஹ்மியா என் மூஞ்சியையே பார்த்துக்கொண்டிருந்தா. அந்தப் பிள்ளைட மனம் நோகக்கூடாதெண்டு முழுசாத் திண்டன்" என்றார். "எங்கட ஃபஹ்மியா" என்றார், தம்பி. மகளிடம் சொன்னேன், மறுபடியும் அழுகிறாள், இது வேறு அழுகை.

அதோடு போனை வைத்திருக்கலாம். "வியாழக்கிழமை எங்கட வீட்டில நோன்பு திறக்க வாங்க. உங்களுக்கு விருப்பமான சாமானெண்டு கெக்கிரி சொல்லி வெச்சிருக்கன், ஃப்ரூட் சலட் நானே செய்யப்போறன்" என்றார். உண்மையைச் சொன்னால் அந்த மனுசி கஷ்டப்பட்டு விழுங்கினதெல்லாம் வீணாகிப்போகும். "ஓம் சம்பந்தி, அது எங்களுக்கு உயிர், தம்பியையும் கூட்டி வாறேன்" என்றேன்.

ஆகவே பெருநாள் வரைக்கும் காத்திராதே. வியாழக்கிழமை அஸருக்கு முன்னம் வந்து சேர். உனக்கு ஒரு கோப்பை இருக்கிறது. அதில் ஒரு துண்டு மிச்சம் வைத்தாயோ, மேலே எழுதிய கோபம் முழுவதும் அப்படியே நிற்கும்.